தும்மலுக்கு முந்தைய இரண்டு நாள்

இரண்டாம் உலகப்போர் முடிந்த மறு ஆண்டு, 1946இல், இங்கிலாந்தின் சாலிஸ்பரி நகரை ஒட்டிய ஒரு மேட்டில் விசித்திரமான விடுதி ஒன்று திறக்கப்பட்டது. போர்க்காலத்தில் ஹார்வர்டு பல்கலைக்கழகமும் அமெரிக்கச் செஞ்சிலுவைச் சங்கமும் சேர்ந்து அமைத்துக் கொடுத்த மருத்துவமனைக் கொட்டகைகளைப் பிரிட்டனின் மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் சளி ஆய்வகமாக மாற்றியிருந்தது. அங்கே பத்து நாள் தங்கலாம். சாப்பாடு, படுக்கை, படிக்கப் புத்தகம், கைச்செலவுக்குக் கொஞ்சம் காசு எல்லாம் உண்டு. பதிலுக்கு மூக்கில் சில சொட்டு விட்டுக்கொள்ள வேண்டும். சொட்டில் சளி வைரஸ் இருக்கலாம். வெறும் உப்புநீராகவும் இருக்கலாம். எது யாருக்குப் போனது என்பது தங்கியிருப்பவருக்கும் தெரியாது, தினமும் வந்து மூக்கைப் பார்க்கும் மருத்துவருக்கும் தெரியாது. தேர்வுக்குப் படிக்க வந்த மாணவர்கள் இருந்தார்கள். செலவில்லாத தேனிலவு என்று வந்த புதுமணத் தம்பதிகளும் இருந்தார்கள். 1990இல் இழுத்து மூடும்வரை 18,000 பேருக்கு மேல் அங்கே வந்து போனார்கள்.

வந்த அன்றே யாருக்கும் சொட்டு விடமாட்டார்கள் என்பதுதான் இதில் கவனிக்க வேண்டியது. முதல் மூன்று நான்கு நாள் சும்மா இருக்க வேண்டும். இரண்டு மூன்று பேராகப் பிரித்துத் தனித்தனி வீடுகளில் வைத்துவிடுவார்கள். சாப்பாடு சூடாறாத பாத்திரங்களில் வாசற்படிக்கு வரும். வெளியே காலாற நடக்கலாம், ஆனால் மற்ற மனிதர்களிடமிருந்து 30 அடி தள்ளியே இருக்க வேண்டும். உடம்பில் ஒரு குறையும் இல்லாமல் ரயிலேறி வந்தவர்களுக்கு எதற்கு இந்தக் காவல்? குறை இல்லாமல் வந்தவர் ரயிலிலேயே வைரஸை வாங்கிக்கொண்டு வந்திருக்கலாம். அவருக்கே தெரியாது. மூக்கைப் பார்க்கும் மருத்துவரும் கண்டுபிடிக்க முடியாது. அப்படி வாங்கி வந்திருந்தால் இந்த மூன்று நான்கு நாளுக்குள் தும்மல் வந்துவிடும். அவரை ஆய்விலிருந்து கழித்துவிடலாம்.

வைரஸ் உள்ளே நுழைந்ததற்கும் முதல் அறிகுறிக்கும் இடைப்பட்ட இந்த மௌனத்தை மருத்துவர்கள் நோயரும்பும் காலம் என்கிறார்கள். சளி விஷயத்தில் நாம் சொல்லிக்கொள்ளும் காரணங்களில் பெரும்பாலானவை தவறிப்போவதற்கு இந்த மௌனத்தைக் கணக்கில் எடுக்காததுதான் காரணம் என்பது என் எண்ணம். காலையில் தொண்டை கரகரத்தால் நேற்று மாலை என்ன செய்தோம் என்று யோசிக்கிறோம். யோசிக்க வேண்டியது பெரும்பாலும் அதற்கும் முந்தைய நாள், அல்லது அதற்கும் முந்தைய நாள்.

சாலிஸ்பரிக்கு முன்பே ஒருவர் இப்படி மூக்கில் சொட்டு விட்டுப் பார்த்திருக்கிறார். 1914இல் ஜெர்மனியின் லைப்சிக் நகரில் வால்டர் குரூஸ என்ற பேராசிரியர், சளி பிடித்த தன் உதவியாளரின் மூக்குநீரை எடுத்து, பாக்டீரியா எதுவும் கடக்க முடியாத வடிகட்டியில் வடித்து, உடன் வேலை செய்த 12 பேரின் மூக்கில் விட்டார். 4 பேருக்குச் சளி பிடித்தது. அடுத்து 36 மாணவர்கள். 15 பேருக்குப் பிடித்தது. வடிகட்டியைத் தாண்டி வந்த ஏதோ ஒன்றுதான் சளிக்குக் காரணம் என்று தெரிந்தது. அது என்ன என்பதைப் பார்க்க இன்னும் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் ஆனது. ரைனோவைரஸ் கண்டறியப்பட்டது 1956இல். அதையும் பலரால் ஆய்வகத்தில் வளர்க்க முடியவில்லை. சாலிஸ்பரியில் டேவிட் டிரெல்லின் குழு 1960 வாக்கில் ஒரு சின்ன மாற்றம் செய்தது: வழக்கமான உடல் வெப்பமான 37 டிகிரிக்குப் பதிலாக, மூக்கின் உள்ளே இருக்கும் 33 டிகிரியில் வைத்தார்கள். வைரஸ் வளர்ந்தது.

சரி, எத்தனை நாள்? இதைக் கண்டுபிடிப்பது தோன்றுவதைவிடக் கடினம். எப்போது தும்மினோம் என்பது தெரியும். எப்போது வைரஸ் தொற்றியது என்பது பெரும்பாலும் யாருக்கும் தெரியாது. தொற்றிய நேரம் ஐயமில்லாமல் தெரிந்த அபூர்வ நிகழ்ச்சிகள் சில உண்டு. 1936இல் லண்டனில் ஃப்ளூ வைரஸ் ஏற்றிய ஒரு ஃபெரெட் (கீரியைப் போன்ற சிறு விலங்கு) தன்னைப் பரிசோதித்துக்கொண்டிருந்த சார்லஸ் ஸ்டுவர்ட் ஹாரிஸின் முகத்துக்கு நேரே தும்மியது. ஏறக்குறைய இரண்டு நாளில் அவர் காய்ச்சலோடு படுத்தார். 1977இல் அலாஸ்காவில் ஒரு விமானம் இயந்திரக் கோளாறால் மணிக்கணக்கில் தரையில் நின்றுவிட்டது. உள்ளே 54 பேர். அவர்களில் ஒருவருக்கு ஃப்ளூ. காற்றோட்டக் கருவி ஓடவில்லை. அடுத்த மூன்று நாளுக்குள் பயணிகளில் 72 சதவீதம் பேர் நோயுற்றார்கள். ஆனால் இப்படி வாய்ப்பது எப்போதாவதுதான். சாதாரணச் சளிக்கு மூக்கில் சொட்டு வாங்கிய தன்னார்வலர்கள்தான் சாட்சி.

இத்தகைய ஆய்வுகளை எல்லாம் திரட்டி, ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2009இல் ஒரு கணக்கு வெளியிட்டார்கள். ரைனோவைரஸ் தொற்றி அறிகுறி கண்டவர்களில் பாதிப் பேருக்கு 1.9 நாளுக்குள் அறிகுறி தோன்றிவிடுகிறது. இருபதில் ஒருவருக்கு ஒரு நாள்கூட ஆவதில்லை. நூற்றுக்கு 95 பேருக்கு நாலரை நாளுக்குள் வந்துவிடுகிறது. சளிக்குக் காரணமான வைரஸ்களில் இதுவே பெரும்பங்கு. 160 வகைக்கு மேல் உண்டு. மற்றவற்றுக்கு வேறு வேறு கடிகாரம். கோவிட் வருவதற்கு வெகுகாலம் முன்பிருந்தே மனிதர்களிடம் சாதாரணச் சளியாகச் சுற்றிவரும் கொரோனா வைரஸ்களுக்கு 3.2 நாள். பாராஇன்ஃப்ளூயன்சாவுக்கு 2.6. கைக்குழந்தைகளை மூச்சிரைக்க வைக்கும் ஆர்.எஸ்.வி.க்கு 4.4. கண் சிவந்து தொண்டை வீங்கவைக்கும் அடினோவைரஸுக்கு 5.6. ஃப்ளூ இவை எல்லாவற்றையும் முந்திக்கொள்ளும்: ஏ வகைக்கு 1.4 நாள், பி வகைக்கு அரை நாளுக்குச் சற்று அதிகம். முதல் சில நாள் சளியைப் போலவே நடிக்கும் தட்டம்மைக்கு 12.5 நாள்.

கோவிட் காலத்தில் நம் வீட்டுக் கதவில் ஒட்டப்பட்ட பதினான்கு நாள் கணக்கும் இந்த வகைதான். அந்தத் தொடக்ககால வைரஸுக்குப் பாதிப் பேருக்கு 5 நாளில் அறிகுறி தோன்றியது. ஆனால் பின்தங்கி வருபவர்களையும் பிடிக்க வேண்டுமானால் 11, 12 நாள்வரை காத்திருக்க வேண்டியிருந்தது. நோயரும்பும் காலம் பெரும்பாலான தொற்றுநோய்களுக்கு இப்படித்தான் சரிந்து கிடக்கும். சீக்கிரம் வருபவர்கள் கூட்டமாக வருவார்கள். தாமதமாக வருபவர்கள் ஒருவர் பின் ஒருவராக நீளுவார்கள். ‘சராசரி இத்தனை நாள்’ என்ற ஒற்றை எண்ணை நம்பி வீட்டில் விருந்துக்கு நாள் குறிப்பவர்கள் ஏமாறுவது இந்த வாலில்தான்.

தும்மலுக்கு முந்தைய அந்த இரண்டு நாளும் உள்ளே என்ன நடக்கிறது?

மூக்கின் உட்சுவரில் கண்ணுக்குத் தெரியாத மெல்லிய மயிரிழைகள் ஓயாமல் அசைந்துகொண்டிருக்கின்றன. அவற்றின் மேல் சளிப்படலம் ஒன்று எப்போதும் பின்னோக்கி நகர்ந்துகொண்டிருக்கிறது, நிமிடத்துக்குச் சில மில்லிமீட்டர் வீதம். ஆரோக்கியமாக இருக்கும்போதும் சளி ஊறிக்கொண்டுதான் இருக்கிறது. நாம் அறியாமலே விழுங்கிவிடுகிறோம். விரலைக் கண்ணில் வைத்துத் தேய்த்தால், கண்ணீர்க் குழாய் வழியாக வைரஸ் மூக்குக்கு இறங்கிவிடும். மூக்கில் விழுந்ததைச் சளிப்படலம் கால் மணி, இருபது நிமிடத்தில் மூக்கின் பின்கோடிக்கு, அதாவது தொண்டையின் மேற்கூரைக்குக் கொண்டுபோய்விடும். அங்கிருந்து வயிற்றுக்குப் போயிருந்தால் கதை முடிந்தது. இரைப்பை அமிலத்தில் ரைனோவைரஸ் பிழைக்காது. ஆனால் அந்தக் கூரையில்தான் அடினாய்டு சதை இருக்கிறது. அதன் மேற்செல்களில் ஐகேம்-1 என்ற புரதம் நிறைய உண்டு. வெள்ளணுக்கள் வேண்டிய இடத்தில் பற்றிக்கொண்டு நிற்பதற்காக உடல் வைத்திருக்கும் பிடிமானம் அது. ரைனோவைரஸ்களில் பெரும்பாலானவை அதையே பிடித்துக்கொண்டு செல்லுக்குள் இறங்குகின்றன. தூய்மைப்படுத்தும் ஏற்பாடே திருடனைக் கதவு திறந்திருக்கும் இடத்தில் இறக்கிவிடுகிறது. மிகச் சிறிய அளவு வைரஸ் போதும் என்பதைத் தன்னார்வலர் ஆய்வுகள் திரும்பத் திரும்பக் காட்டின.

ரைனோவைரஸ் 30 நானோமீட்டர் உருண்டை. உள்ளே சுமார் 7,200 எழுத்து நீளமுள்ள ஓர் ஆர்.என்.ஏ. இழை. செல்லுக்குள் போனதும் அந்த இழையைச் செல்லின் புரத ஆலை தன்னுடையது என்று நம்பிப் படிக்கத் தொடங்கிவிடும். ஏழெட்டு மணி நேரத்தில் ஒரு சுற்று முடிந்து புதிய வைரஸ்கள் வெளியேறும். வர்ஜினியா பல்கலைக்கழகத்தில் ஜாக் குவால்ட்னி என்ற மருத்துவர் வாழ்நாளில் பெரும்பகுதியைச் சளிக்கே கொடுத்தவர். அவரும் அவருடைய சக ஆய்வாளரும் 1996இல் வெளியிட்ட ஆய்வில், சொட்டு விட்ட 8 முதல் 10 மணி நேரத்திலேயே சிலருடைய மூக்கிலிருந்து புதிய வைரஸ் கிடைத்தது. முதல் அறிகுறி 10 முதல் 12 மணி நேரத்தில். ஒரு சுற்று பெருக்கத்துக்கு ஆகும் நேரத்தோடு இது பொருந்துகிறது. ஆக, மிகக் குறைந்த கணக்கு அரை நாள். மாலையில் தொற்றி மறுநாள் காலையில் தொண்டை கரகரப்பது நடக்கக்கூடியதுதான். ஆனால் அப்போது வருவது லேசான உறுத்தல். அன்றாட வேலையில் பலர் அதைக் கவனிக்கவே மாட்டார்கள். மூக்கு ஒழுகி, தலை கனத்து, ‘எனக்குச் சளி பிடித்துவிட்டது’ என்று வாய்விட்டுச் சொல்லும் உச்சம் இரண்டாம் மூன்றாம் நாளில்தான். வைரஸின் எண்ணிக்கையும் அப்போதுதான் உச்சத்தில் இருக்கும்.

முதலில் தொண்டை, பிறகு மூக்கு என்ற வரிசை ஏன் என்பதும் இதிலிருந்து புரியும். தொற்று தொடங்கும் இடமே மூக்கின் பின்கோடி. அது நமக்கு மூக்காகத் தெரிவதில்லை, தொண்டையின் மேற்பகுதி என்றே படுகிறது.

வைரஸ் செல்களைக் கடித்துத் தின்பதால் மூக்கு ஒழுகுகிறது என்றுதான் யாருக்கும் தோன்றும். சளி பிடித்தவர்களின் மூக்கிலிருந்து சிறு துணுக்கு எடுத்து நுண்ணோக்கியில் பார்த்தவர்களுக்கு ஏமாற்றம்தான். உட்சுவர் பெரும்பாலும் அப்படியே இருந்தது. தொற்றுக்குள்ளான செல்கள் அங்கொன்றும் இங்கொன்றுமாகத்தான் இருந்தன. ஃப்ளூ வைரஸ் மூச்சுக்குழாய்ச் சுவரை உரித்துவிடும். ரைனோவைரஸ் அவ்வளவு முரடன் அல்ல. அப்படியானால் இந்தப் பாடு யாருடைய வேலை? நம்முடையதே. தாக்கப்பட்ட செல்கள் எழுப்பும் கூக்குரலைக் கேட்டு வெள்ளணுக்கள் திரளுகின்றன. பிராடிகைனின் போன்ற பொருள்கள் சுரந்து ரத்தக்குழாய்களை விரித்து நீர் கசியவைக்கின்றன. மூக்கடைப்பு என்பது உள்ளே சளி நிரம்பியது மட்டுமல்ல, பெருமளவு ரத்தக்குழாய் வீக்கம். எவ்வளவு சிந்தினாலும் திறக்காததற்கு அதுவே காரணம். 1988இல் ஓர் ஆய்வில் வைரஸே இல்லாமல் பிராடிகைனினை மட்டும் மூக்கில் தெளித்துப் பார்த்தார்கள். மூக்கு அடைத்தது, தொண்டையும் வலித்தது. மூன்றாம் நாள் சளி மஞ்சளாகவோ பச்சையாகவோ மாறுவதும் வெள்ளணுக்களில் இருக்கும் ஒரு நொதியின் நிறம். ‘பச்சையாக வருகிறது, ஆன்டிபயாடிக் கொடுங்கள்’ என்று மருந்துக் கடையில் கேட்பவர் தன் படைவீரர்களின் சீருடையைப் பார்த்துப் பயப்படுகிறார்.

ஆகவே அந்த இரண்டு நாள் வைரஸ் பெருகும் நேரம் மட்டும் அல்ல. உடல் அதைக் கவனித்து, திரண்டு, சத்தம் போட எடுத்துக்கொள்ளும் நேரமும் சேர்ந்தது. சத்தம் ஆளுக்கு ஆள் மாறும். தொற்றியவர்களில் ஏறத்தாழ நான்கில் ஒருவருக்கு எந்த அறிகுறியும் வருவதில்லை. வைரஸ் வந்து, பெருகி, போய்விடுகிறது. அமெரிக்க உளவியலாளர் ஷெல்டன் கோஹன் சாலிஸ்பரி தன்னார்வலர்களை வைத்துச் செய்து 1991இல் வெளியிட்ட ஆய்வு இதில் பேர்பெற்றது. 394 பேரிடம் முதலில் வாழ்க்கையில் என்ன நெருக்கடி, எவ்வளவு மன அழுத்தம் என்று கேட்டுக் குறித்துக்கொண்டு, பிறகு வைரஸ் சொட்டு விட்டார்கள். அழுத்தம் குறைந்தவர்களில் 27 சதவீதம் பேருக்குச் சளி வந்தது. அதிகமானவர்களில் 47 சதவீதம். தொற்றியது என்னவோ இரு சாராரிலும் முக்கால் பங்கினருக்கு, அதற்கு மேலும்.

இப்போது நாம் வழக்கமாகக் குற்றம் சாட்டும் மழைக்கு வருவோம். மழையில் நனைந்தது, தலைக்குக் குளித்துவிட்டு ஈரம் போகாமல் படுத்தது, ஐஸ்கிரீம், ஏ.சி., இரவில் சாப்பிட்ட தயிர்சாதம்: நம் வீட்டுப் பாட்டிகளின் குற்றப் பட்டியல் நீளமானது. ஆங்கிலேயர்களின் பட்டியலும் இதற்கு இளைத்ததல்ல, ஈரக் காலுறை அவர்களுக்குத் தலையாய குற்றவாளி. சாலிஸ்பரி ஆய்வகத்தை நிறுவிய கிறிஸ்டோபர் ஆண்ட்ரூஸ் அதைச் சோதித்தே பார்த்துவிட்டார். தன்னார்வலர்களை வெந்நீரில் குளிக்க வைத்து, துவட்டவிடாமல், நீச்சலுடையோடு காற்று வீசும் நடையில் அரை மணி நேரம் நிற்க வைத்தார். அதற்கு மேலும் ஈரக் காலுறையோடு சில மணி நேரம் இருக்கச் சொன்னார். ஒரு குழுவுக்குக் குளிர் மட்டும், ஒரு குழுவுக்கு வைரஸ் மட்டும், ஒரு குழுவுக்கு இரண்டும். குளிர் மட்டும் பட்ட குழுவில் ஒருவருக்கும் சளி வரவில்லை. இரண்டும் பெற்றவர்கள் முதல் முறை கூடுதலாகத் தும்மினார்கள். திரும்பச் செய்தபோது முடிவு தலைகீழாயிற்று. 1968இல் டெக்சஸ் சிறைக் கைதிகளில் தன்னார்வலர்களாக முன்வந்தவர்களைக் குளிரறையிலும் குளிர்ந்த நீரிலும் வைத்துப் பார்த்தார்கள். தொற்றும் நேரத்தில், நோயரும்பும் காலத்தில், நோய் உச்சத்தில், தேறும்போது என்று ஒவ்வொரு கட்டத்திலும் குளிரவைத்தும் வேறுபாடு கிடைக்கவில்லை. கைதிகளை இப்படிப் பயன்படுத்தியதை இன்று எந்த நெறிமுறைக் குழுவும் அனுமதிக்காது என்பது வேறு.

குளிரின் குற்றமின்மைக்கு ஆர்க்டிக்கிலிருந்து ஒரு சாட்சியும் உண்டு. ஸ்பிட்ஸ்பெர்கன் தீவின் சுரங்க ஊரான லாங்யியர் சிட்டியில், கடல் உறைந்து கப்பல் வராத மாதங்களில் சளி அநேகமாக மறைந்துவிடும். வெளியே கொடிய குளிர் அடித்துக்கொண்டிருக்கும். 1931 வசந்தத்தில் முதல் கப்பல் வந்து சேர்ந்த சில நாளில் ஊரே மூக்கைச் சிந்தியது. ஆய்வாளர்கள் அங்கேயே தங்கியிருந்து இதைப் பதிவு செய்தார்கள்.

பால், தயிர் பற்றியும் சொல்லிவிடலாம். ஆஸ்திரேலியாவின் அடிலெய்டில் 60 பேருக்கு ரைனோவைரஸ் கொடுத்து, அவர்கள் எவ்வளவு பால் குடித்தார்கள் என்பதையும், மூக்கைச் சிந்திய தாள்களின் எடையையும் பல நாள் குறித்தார்கள். இரண்டுக்கும் தொடர்பில்லை. ‘பால் சளி கட்டும்’ என்று நம்பியவர்கள் மட்டும் தொந்தரவு அதிகம் என்று சொன்னார்கள். தாளின் எடை அப்படிச் சொல்லவில்லை.

இத்தோடு பாட்டியின் வழக்கைத் தள்ளுபடி செய்துவிடலாமா? நான் தயங்குகிறேன். வேல்ஸின் கார்டிஃப் நகரில் சளி ஆய்வு மையம் நடத்திய ரொனால்ட் எக்கிள்ஸ் 2005இல் ஒரு சோதனை வெளியிட்டார். 90 பேர் 20 நிமிடம் குளிர்ந்த நீரில் கால் வைத்திருந்தார்கள். இன்னும் 90 பேர் வெறும் பாத்திரத்தில் வைத்திருந்தார்கள். அடுத்த நான்கைந்து நாளில் குளிர்நீர்க்காரர்களில் 13 பேர் சளி பிடித்தது என்றார்கள், மற்றவர்களில் 5 பேர். யாருக்கும் வைரஸ் கொடுக்கவில்லை. எக்கிள்ஸின் விளக்கம் இது: ஊரில் சளி சுற்றும் காலத்தில் சிலருடைய மூக்கில் ஏற்கெனவே வைரஸ் சத்தமில்லாமல் இருக்கிறது, கால் குளிர்ந்தால் மூக்கின் ரத்தக்குழாய்கள் சுருங்கி அங்கே காவல் தளர்கிறது, வெளியே தெரியாமல் போயிருக்க வேண்டிய தொற்று வெளிவந்துவிடுகிறது. அந்தச் சோதனையில் வைரஸ் இருந்ததா என்று யாரும் மூக்கில் பார்க்கவில்லை, சளி என்பதும் அவரவர் வாய்ச்சொல்தான். எனவே தீர்ப்பாக எடுத்துக்கொள்ள முடியாது. பத்தாண்டு கழித்து யேல் பல்கலைக்கழகத்தில் எல்லன் ஃபாக்ஸ்மனும் அகிகோ இவாசாகியும் எலியின் மூச்சுக்குழாய்ச் செல்களில் காட்டியது இதற்குக் கொஞ்சம் வலுச்சேர்க்கிறது: 37 டிகிரியில் வைரஸை அடக்கிய செல்கள், 33 டிகிரியில் மந்தமாகவே எதிர்த்தன. மழை வைரஸைக் கொண்டுவரவில்லை, வந்திருந்ததை எழுப்பியிருக்கலாம் என்பது வரை பாட்டிக்கு இடம் கொடுக்கலாம்.

இன்னொரு சாத்தியமும் இருக்கிறது. தொற்றின் தொடக்கத்திலேயே உடம்பில் குளிர் உறைப்பதுண்டு. மற்ற நாளில் பொருட்படுத்தாத மின்விசிறி அன்று சில்லென்று படும். மறுநாள் மூக்கு ஒழுகும்போது ‘நேற்றே குளிரியது, அதனால்தான்’ என்று தோன்றும். விளைவைக் காரணமாகப் படித்துவிடுகிறோம்.

குற்றவாளியைச் சூழ்நிலையில் தேடாமல் ஆள்களிடம் தேடினாலும் கணக்கு எளிதல்ல. சளி நினைப்பதைவிட மெதுவாகவே பரவுகிறது. விஸ்கான்சினில் 1976இல் வெளியான ஆய்வில் 24 தம்பதிகளில் ஒருவருக்கு மட்டும் வைரஸ் கொடுத்து வீட்டுக்கு அனுப்பினார்கள். ஒரே வீடு, ஒரே படுக்கை. இணையருக்குத் தொற்றியது 38 சதவீதம்தான். அதே விஸ்கான்சினில் பின்னொரு முறை, சளி பிடித்தவர்களோடு ஆரோக்கியமானவர்களை 12 மணி நேரம் சீட்டாட வைத்தார்கள். சிலருக்குக் கை முகத்துக்குப் போக முடியாதபடி கழுத்திலும் கையிலும் தடுப்பு மாட்டினார்கள். முகத்தைத் தொட முடிந்தவர்களுக்கும் முடியாதவர்களுக்கும் ஏறக்குறைய ஒரே அளவில் சளி வந்தது. காற்று வழியே வந்திருக்க வேண்டும். கை வழியே பரவுவதைக் குவால்ட்னி குழுவினர் வர்ஜினியாவில் காட்டியிருந்தார்கள். இரு சாராரும் ஆண்டுக்கணக்கில் வாதாடினார்கள். இரண்டு வழியும் உண்டு என்பதுதான் இப்போதைய நிலை.

வீட்டுக்குள் சளி வருவதற்குக் குழந்தைகளே பெருவழி. பெரியவர்களுக்கு ஆண்டுக்கு இரண்டு மூன்று என்றால் சிறு குழந்தைகளுக்கு ஆறு, எட்டு. இந்த ஓட்டத்தின் வேகத்தைக் கனடாவில் வேறொரு வழியில் அளந்தார்கள். ஆண்டுதோறும் செப்டம்பர் நடுவில் அங்கே ஆஸ்துமாவோடு மருத்துவமனைக்கு வரும் குழந்தைகளின் எண்ணிக்கை திடீரென்று ஏறும். கோடை விடுமுறை முடிந்து பள்ளி திறப்பது செப்டம்பர் முதல் திங்கள்கிழமை வரும் தொழிலாளர் தினத்தை ஒட்டி. மக்மாஸ்டர் பல்கலைக்கழகத்தின் நீல் ஜான்ஸ்டன் குழு பல ஆண்டுப் பதிவுகளைப் புரட்டியது. பள்ளிப் பிள்ளைகளின் உச்சம் தொழிலாளர் தினத்துக்கு 17.7 நாள் கழித்து வந்தது. வீட்டிலிருக்கும் சிறு குழந்தைகளின் உச்சம் அதற்கு 1.7 நாள் பின்னால். பெரியவர்களின் உச்சம் 6.3 நாள் பின்னால். வகுப்பறையில் ஒருவரிடமிருந்து ஒருவருக்கு இரண்டிரண்டு நாளாகத் தாவிய ரைனோவைரஸ், வீட்டுக்கு வந்து முதலில் தம்பி தங்கைக்கும் பிறகு அப்பா அம்மாவுக்கும் போன தடம் அது.

சளிக்கு மருந்து வராததற்கும் இந்தக் கால இடைவெளியே பாதிக் காரணம். 1957இல் லண்டனில் அலிக் ஐசக்ஸும் ழான் லின்டன்மனும் இன்டர்ஃபெரானைக் கண்டுபிடித்தபோது, வைரஸுக்கு எதிராக உடலே சுரக்கும் மருந்து கிடைத்துவிட்டது என்று உற்சாகப்பட்டார்கள். சாலிஸ்பரியில் 1970களின் தொடக்கத்தில் அதை மூக்கில் தெளித்தார்கள். வைரஸ் சொட்டுக்கு முந்தைய நாளே தெளிக்கத் தொடங்கியவர்களுக்குச் சளி குறைந்தது. ஆனால் உண்மை வாழ்க்கையில் முந்தைய நாள் எது என்று யாருக்குத் தெரியும்? தினமும் தெளித்துக்கொண்டே இருக்கலாம் என்றால், சில வாரங்களில் இன்டர்ஃபெரானே மூக்கை எரித்து, சளியில் ரத்தம் வரவைத்தது. 1986இல் வர்ஜினியாவிலும் அடிலெய்டிலும் ஒரு சாமர்த்தியமான வழி பார்த்தார்கள்: வீட்டில் ஒருவர் தும்மத் தொடங்கியதும் மற்றவர்கள் ஏழு நாள் மட்டும் தெளித்துக்கொள்வது. தும்மியவரின் அறிகுறியே மற்றவர்களுடைய கடிகாரத்தின் தொடக்கம். ரைனோவைரஸ் சளி கணிசமாகக் குறைந்தது. ஆனால் மற்ற வைரஸ்களுக்கு அது உதவவில்லை. விலையும் தொந்தரவும் சேர்ந்து ஒரு சாதாரணச் சளிக்கு இது தகுமா என்ற கேள்வியில் அந்த முயற்சி தேய்ந்துபோனது.

பிளெகோனரில் என்ற மாத்திரை ரைனோவைரஸின் ஓட்டிலேயே ஒட்டிக்கொண்டு அது திறக்காமல் தடுக்கும். அறிகுறி தோன்றிய ஒரு நாளுக்குள் சாப்பிட்டவர்களுக்குச் சளி சுமார் ஒரு நாள் சீக்கிரம் தீர்ந்தது. 2002இல் அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு அனுமதி தரவில்லை. கருத்தடை மாத்திரையின் வேலையைக் கெடுக்கலாம் என்ற அச்சம் ஒரு காரணம். ஒரு நாள் ஆதாயத்துக்கு இவ்வளவு விலையா என்பது இன்னொன்று. மூக்கு ஒழுகும்போது வைரஸ் தன் வேலையில் பெரும்பகுதியை முடித்திருக்கும். அதன்பின் மிஞ்சுவது உடலின் ஆரவாரம். அதைத் தணிக்க ஆவி பிடிப்பதும் பாரசிட்டமாலும் உறக்கமும் கொஞ்சம் ஆறுதல் தரும். வைரஸைத் தொடாமலே சளி ஏழு முதல் பத்து நாளில் தணிந்துவிடும். இருமல் மட்டும் இன்னும் ஒரு வாரம் இழுக்கலாம்.

பள்ளியிலிருந்து பிள்ளை திங்கள்கிழமை மூக்கொழுக வந்து மடியில் ஏறிக்கொண்டால், கணக்கு இப்படிப் போகும். செவ்வாய் காலை உங்களுக்குத் தொண்டை உறுத்தினால், அது பிள்ளை தும்மத் தொடங்குவதற்கு முன்பே கொடுத்ததாக இருக்கக்கூடும். இருவரும் ஒரே இடத்தில் வாங்கியதாகவும் இருக்கலாம். திங்கள் தொற்று வெளிப்பட அதிக வாய்ப்புள்ளது புதன், வியாழன். வெள்ளி இரவு தாண்டினால் ரைனோவைரஸ் என்ற வரையில் ஏறக்குறைய தப்பித்தாயிற்று, அல்லது தொற்றியும் தெரியாமலே போகும் கூட்டத்தில் சேர்ந்தாயிற்று. பிள்ளைக்கு வந்தது ஆர்.எஸ்.வி.யோ அடினோவைரஸோ என்றால் அடுத்த திங்கள்வரை பார்க்க வேண்டும். அதற்குள் பிள்ளை அடுத்த சளியோடு வந்திருக்கும்.